வேலையை விட்டு நிறுத்திவிட்டார்கள், இனி என்ன? உள்விசாரணை முதல் சமரச ஒப்பந்தம் வரை

எங்கள் தொழிற்சங்க அலுவலகத்துக்கு வேலையை இழந்து வருகிறவர்கள் கையில் பெரும்பாலும் ஒரு மஞ்சள் பையோ பிளாஸ்டிக் கவரோ இருக்கும். உள்ளே நாலைந்து சம்பளச் சீட்டு, ஒரு பழைய அடையாள அட்டை, மடித்து மடித்துக் கிழிந்துபோன பணிநீக்க உத்தரவு. உட்கார்ந்ததும் "கேஸ் போட்டா ஜெயிச்சிடலாமா?" என்று கேட்பார்கள். நான் திருப்பிக் கேட்பது, "மெமோவுக்கு என்ன பதில் கொடுத்தீங்க, காப்பி இருக்கா?" பாதிப் பேரிடம் இருக்காது. நான் வக்கீல் இல்லை. ஆனால் பல வருஷமாக மனு எழுதிக் கொடுத்து, சமரசப் பேச்சுக்குக் கூடப்போய் உட்கார்ந்து பார்த்ததில் எனக்கு ஒன்று உறுதியாகத் தெரியும்: நீதிமன்றத்தில் வழக்கு எவ்வளவு தாங்கும் என்பதும், சமரசத்தில் எதிர்த்தரப்பு எவ்வளவு தூரம் இறங்கிவரும் என்பதும் ஒரே கேள்வியில்தான் தொங்கிக்கொண்டிருக்கின்றன. நிறுவனம் உங்கள்மேல் நடத்திய உள்விசாரணை நியாயமாக நடந்ததா, நடக்கவில்லை என்றால் அதைக் காட்ட உங்களிடம் காகிதம் இருக்கிறதா?

இது முதல்முறையாக இந்தப் பக்கம் வருகிறவர்களுக்காக எழுதியது. தனியார் ஆலை, கம்பெனி, போக்குவரத்து, மருத்துவமனை, கூட்டுறவு என எங்கே வேலை பார்த்தாலும் பொருந்தும். அரசுத் துறை ஊழியர்களுக்கு வழி வேறு. உங்கள் பதவிப் பெயர் 'எக்ஸிகியூட்டிவ்', 'அசிஸ்டென்ட் மேனேஜர்' என்று இருந்தால் உடனே சோர்ந்துவிடாதீர்கள், பெயரைவிட நீங்கள் உண்மையில் செய்த வேலைதான் கணக்கு. லீவு சாங்ஷன் செய்யவோ, யாரையும் வேலைக்கு எடுக்கவோ அதிகாரமில்லாமல் நாள் முழுக்கக் கணினியில் பில் போட்டுக்கொண்டிருந்தவர் தொழிலாளிதான். மேற்பார்வை வேலை என்றால் மாதச் சம்பளம் 18,000 ரூபாயைத் தாண்டக்கூடாது என்று வரம்பு இருக்கிறது. பழைய சட்டத்தில் அது 10,000 ஆக இருந்தது.

பழைய சட்டம் என்றேன் அல்லவா, அதையும் சொல்லிவிடுகிறேன். 1947-ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டத்தின் இடத்தில் தொழில் உறவுகள் சட்டத்தொகுப்பு 2020 வந்திருக்கிறது, 2025 நவம்பர் 21 முதல் அது அமலில் இருக்கிறது. தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் பதில் இரண்டு உறுப்பினர் கொண்ட தொழில் தீர்ப்பாயம் என்பது புதிய ஏற்பாடு. ஆனால் அலுவலகத்திலும் நீதிமன்ற வராந்தாவிலும் எல்லோரும் இன்னமும் '2ஏ மனு', '12(3) ஒப்பந்தம்', '18(1) ஒப்பந்தம்', '33சி' என்று பழைய எண்களில்தான் பேசுகிறார்கள். நானும் அப்படியே எழுதுகிறேன், தீர்ப்பாயத்தையும் நீதிமன்றம் என்றே சொல்கிறேன், பழகிக்கொள்ளுங்கள், ஒவ்வொன்றும் என்னவென்று கீழே வரும். நியாயமான விசாரணை என்றால் என்ன என்று உச்ச நீதிமன்றம் 60 வருஷமாகச் சொல்லிவந்ததும் சட்டத்தின் பெயர் மாறியதால் மாறிவிடவில்லை.

முதல் வேலை: மெமோவுக்குப் பதில்

குற்றச்சாட்டுக் குறிப்பாணையை, அதாவது மெமோவை, வாங்க மாட்டேன் என்று முரண்டு பிடிக்காதீர்கள். வாங்க மறுத்தால் தபாலில் அனுப்பி, அறிவிப்புப் பலகையில் ஒட்டி, 'தொழிலாளி வாங்க மறுத்தார்' என்று எழுதிக்கொள்வார்கள், அதோடு உங்கள் பக்கம் நியாயம் குறைந்து தெரியும். வாங்குங்கள், வாங்கிய தேதியையும் நேரத்தையும் உங்கள் கையெழுத்துக்குப் பக்கத்தில் எழுதுங்கள்.

அப்புறம் அதை நிதானமாகப் படியுங்கள். எந்தத் தேதி, எந்த ஷிப்டு, என்ன செய்தீர்கள், யாரிடம், நிலையாணையின் (நிறுவனத்தின் வேலை விதிகள்) எந்தப் பிரிவை மீறினீர்கள் என்பதெல்லாம் அதில் இருக்க வேண்டும். 'தாங்கள் தொடர்ந்து ஒழுங்கீனமாக நடந்துகொள்கிறீர்கள்' என்று மட்டும் இருந்தால் அதற்கு யாராலும் பதில் சொல்ல முடியாது, அதையே பதிலாக எழுதுங்கள்: எந்தத் தேதியில் எந்தச் செயல் என்று குறிப்பிடவில்லை, விவரமும் ஆவண நகலும் கொடுத்தால் விளக்கம் தரத் தயாராக இருக்கிறேன். கெடு 48 மணி நேரம் என்று போட்டிருந்தால், அந்தக் கெடுவுக்குள்ளேயே கூடுதல் அவகாசம் கேட்டு ஒரு கடிதமாவது போய்ச் சேர வேண்டும். கோபத்தில் மேலாளரைத் திட்டி நாலு பக்கம் எழுதுவது, இல்லையென்றால் பயத்தில் 'தெரியாமல் நடந்துவிட்டது, மன்னிக்கவும்' என்று எழுதுவது, இந்த இரண்டும்தான் அதிகக் கெடுதல் செய்கின்றன. மன்னிப்புக் கடிதத்தைக் குற்றத்தை ஒப்புக்கொண்டதாகத்தான் பிறகு வாசிப்பார்கள். செய்யாததைச் செய்யவில்லை என்று ஒரு வரியில் மறுத்தால் போதும்.

எந்தக் கடிதமானாலும் இரண்டு நகல். நேரில் கொடுத்தால் ஒரு நகலில் பெற்றுக்கொண்ட கையெழுத்து, முத்திரை, தேதி வாங்குங்கள். மறுத்தால் விரைவுத் தபாலில் அனுப்பி ரசீதைக் கடித நகலோடு சேர்த்து ஸ்டேபிள் அடித்து வையுங்கள். வாட்ஸப்பில் அனுப்பியிருந்தால் ஸ்கிரீன்ஷாட்டோடு நின்றுவிடாமல் அந்த உரையாடலை அழியாமல் காப்பாற்றி வையுங்கள், போனை மாற்றுகிற அவசரத்தில் அதைத் தொலைத்தவர்கள் நிறைய.

பணியிடை நீக்கத்தில் இருந்தால் பிழைப்பூதியம் உங்கள் உரிமை. முதல் 90 நாள் சம்பளத்தில் பாதி, அதற்கு மேல் தாமதம் உங்களால் இல்லை என்றால் முக்கால் பங்கு. தமிழ்நாட்டில் 1981-இல் தனியாக ஒரு பிழைப்பூதியச் சட்டமே வந்தது, அதன்படி 180 நாளைத் தாண்டினால் முழுச் சம்பளம். இதைக் கொடுக்காமலே விசாரணை நடத்தினால் அதுவே விசாரணையின் நியாயத்தைக் கெடுக்கும். விசாரணைக்கு வந்துபோகக்கூடக் காசில்லாத நிலையில் ஒருவரை வைத்துவிட்டு அவர் வராமலே ஒருதலையாக முடித்துவிட்டதை பால் ஆண்டனி வழக்கில் (1999) உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. அதனால் பிழைப்பூதியம் வரவில்லை என்றால் வாயால் புலம்பாமல் மாதாமாதம் எழுதிக் கேளுங்கள்.

உள்விசாரணை: இங்கேதான் நிதானம் வேண்டும்

சுர் எனாமல் வழக்கில் (1963) உச்ச நீதிமன்றம் ஐந்து விஷயங்களைச் சொன்னது, இன்றைக்கும் அதுதான் அளவுகோல். குற்றச்சாட்டு என்னவென்று தொழிலாளிக்குத் தெளிவாகத் தெரிந்திருக்க வேண்டும். சாட்சிகளைச் சாதாரணமாக அவர் முன்னிலையில் விசாரிக்க வேண்டும். அவர்களைக் குறுக்கு விசாரணை செய்ய அவருக்கு நியாயமான வாய்ப்பு வேண்டும். தன் தரப்புச் சாட்சிகளை, தன்னையும் சேர்த்து, விசாரிக்க வாய்ப்பு வேண்டும். கடைசியாக, விசாரணை அதிகாரி தன் முடிவைக் காரணங்களோடு எழுத வேண்டும். அதே ஆண்டு மீன்கிளாஸ் தேயிலைத் தோட்ட வழக்கிலும் இதே தொனிதான்: தன்மேல் என்ன குற்றம் என்பது மட்டுமல்ல, எந்தச் சாட்சியத்தின் பேரில் அந்தக் குற்றம் என்பதும் ஒருவருக்குத் தெரிய வேண்டும்.

இதைப் படிக்கும்போது எளிது, அந்த அறையில் உட்கார்ந்திருக்கும்போது எளிதில்லை. பெர்சனல் டிபார்ட்மென்ட் அறை, மேஜைக்கு அந்தப் பக்கம் மூன்று பேர், இந்தப் பக்கம் நீங்கள் ஒருவர். விசாரணை அதிகாரி பேசப் பேச ஒருவர் தட்டச்சு செய்வார், முடிந்ததும் நாலைந்து பக்கத்தை நீட்டி "ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்துப் போடுங்க" என்பார்கள். எனக்குத் தெரிந்த ஒருவர், 14 வருஷ சர்வீஸ், அப்படியே போட்டுவிட்டு வந்தார். மூன்று வருஷம் கழித்து நீதிமன்றத்தில் அந்தத் தாளைப் பார்க்கிறோம்: 'நிர்வாகச் சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யத் தொழிலாளி விரும்பவில்லை.' அன்று உண்மையில் நடந்தது என்னவென்றால், ஆவண நகல் கைக்கு வராததால் இன்னொரு நாள் வாய்தா கொடுங்கள் என்று அவர் கேட்டிருக்கிறார். அது எங்கேயும் பதிவாகவில்லை, கீழே அவருடைய கையெழுத்து மட்டும் தெளிவாக இருந்தது.

அதே ஆலையில் இன்னொருவர் அதிகம் படிக்காதவர்தான், ஆனால் கையெழுத்துக்கு மேலே நீலப் பேனாவில் தன் கைப்பட ஒரு வரி எழுதிவிட்டு வந்திருந்தார்: 'ஆவணம் 3, 4 நகல் தரவில்லை. வாய்தா கேட்டேன், மறுத்துவிட்டார்கள்.' தேதியும் போட்டிருந்தார். வழக்கு நடந்தபோது அவருடைய உள்விசாரணை நியாயமாக நடக்கவில்லை என்று நீதிமன்றம் சொன்னதற்கு அந்த ஒரு வரி பெரிய காரணம். அதற்குப் பிறகுதான் நிர்வாகத் தரப்பு வக்கீல் எங்கள் வக்கீலிடம் வந்து "பேசி முடிச்சுக்கலாமா?" என்று கேட்டார்.

அதனால் விசாரணைக்குப் போகும்போது இவற்றைக் கவனியுங்கள். முதல் நாளே ஆவணங்களின் நகலையும் சாட்சிகளின் பட்டியலையும் எழுத்தில் கேளுங்கள். உங்களுக்குத் தெரிந்த மொழியில் விசாரணை நடக்க வேண்டும், ஆங்கிலத்தில் எழுதிய குறிப்பைத் தமிழில் படித்துக் காட்டச் சொல்லி, படித்துக் காட்டினார்கள் என்றோ காட்டவில்லை என்றோ குறிப்பிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். உதவிக்கு ஒருவரை, பொதுவாக உடன் வேலை செய்கிறவரை, வைத்துக்கொள்ள உங்கள் நிலையாணை அனுமதிக்கும், அதை வாங்கிப் படியுங்கள். நிர்வாகம் சட்டம் படித்தவரை நிறுத்திக் குற்றச்சாட்டை நடத்தினால் நீங்களும் வக்கீல் வேண்டும் என்று கேட்கலாம், பம்பாய் துறைமுக வழக்கில் (1983) உச்ச நீதிமன்றம் அதை ஏற்றுக்கொண்டது. புகார் கொடுத்தவரே, அல்லது சம்பவத்தைப் பார்த்த சாட்சியே விசாரணை அதிகாரியாக உட்கார்ந்தால் அன்றைக்கே ஆட்சேபணை எழுதிக் கொடுங்கள், நீதிமன்றத்தில் போய் முதல்முறையாகச் சொன்னால் 'அன்று ஏன் சொல்லவில்லை?' என்ற கேள்வி வரும். என்ன நடந்தாலும் விசாரணையைப் புறக்கணித்துவிட்டு எழுந்து வராதீர்கள். ஆட்சேபித்துக்கொண்டே கலந்துகொள்ளலாம், தவறில்லை. நகல் தர மறுத்தால் வீட்டுக்குப் போனதும் அன்றைக்கே நடந்ததை ஒரு கடிதமாக எழுதி நிர்வாகத்துக்கு அனுப்பிவிடுங்கள், அன்றைய தேதி முத்திரைக்கு இருக்கிற மதிப்பு பின்னால் சொல்லும் எந்தக் கதைக்கும் கிடையாது.

விசாரணை அறிக்கையின் நகலைக் கொடுத்து, உங்கள் கருத்தைக் கேட்ட பிறகுதான் தண்டனை. கருணாகர் வழக்கில் (1993) அரசியல் சாசன அமர்வு சொன்னது இது. அறிக்கையைக் காட்டாமலே உத்தரவு வந்தால் அதைக் குறித்து வையுங்கள், ஆனால் அதனால் உங்களுக்கு என்ன பாதிப்பு என்றும் சொல்ல வேண்டியிருக்கும்.

சிலருக்கு விசாரணையே நடந்திருக்காது. 'எட்டு நாள் வரவில்லை, நீங்களே வேலையைக் கைவிட்டதாகக் கருதிப் பெயரை நீக்கிவிட்டோம்' என்று ஒரு கடிதம் வந்திருக்கும், அல்லது கேட்டிலேயே நிறுத்திவிடுவார்கள். நிலையாணையில் அப்படி ஒரு பிரிவு இருந்தாலும் விளக்கம் கேட்காமல், விசாரணை நடத்தாமல் பெயரை நீக்குவது இயற்கை நீதிக்கு எதிரானது என்று டி.கே. யாதவ் வழக்கில் (1993) தீர்ப்பு இருக்கிறது. கேட்டில் நிறுத்தினால் அன்றே 'வேலைக்கு வந்தேன், அனுமதிக்கவில்லை, வேலை செய்யத் தயாராக இருக்கிறேன்' என்று தந்தியடித்த காலம் ஒன்று இருந்தது, இப்போது மின்னஞ்சலும் விரைவுத் தபாலும். வாரத்துக்கு ஒருமுறையாவது அனுப்புங்கள்.

சமரச அதிகாரி முன்பு

பணிநீக்க உத்தரவு வந்ததும் நேராக நீதிமன்றத்துக்கு ஓட முடியாது. முதலில் தொழிலாளர் துறையின் சமரச அதிகாரியிடம் மனு, அதுதான் 2ஏ மனு. நிறுவனம் வங்கி, ரயில்வே, துறைமுகம் மாதிரி மத்திய அரசு வரம்பில் வருவதானால் மத்திய தொழிலாளர் ஆணையர் அலுவலகம், மற்றவர்களுக்கு மாநில அரசின் அலுவலகம். இதைத் தப்பாகப் போட்டு ஆறு மாதம் இழந்தவர்கள் உண்டு.

காலக்கெடுவை எழுதிச் சுவரில் ஒட்டிக்கொள்ளுங்கள். சமரச அதிகாரியிடம் மனு கொடுத்து 45 நாள் ஆகியும் தீரவில்லை என்றால் நீங்களே நேராகத் தீர்ப்பாயத்தில் மனுப் போடலாம், தகராறை அரசே தீர்ப்பாயத்துக்கு அனுப்பிவைக்கும் என்று காத்திருக்க வேண்டாம். ஆனால் பணிநீக்கம் ஆன நாளிலிருந்து 2 ஆண்டுக்குள் போட்டுவிட வேண்டும். பழைய சட்டத்தில் இது 3 ஆண்டு, இன்னமும் பலர் அதை நம்பிக்கொண்டு 'பேச்சுவார்த்தை நடக்குது' என்று நாளைக் கடத்துகிறார்கள். பேச்சுவார்த்தை நடப்பது கெடுவை நிறுத்தாது.

சமரச அதிகாரி நீதிபதி இல்லை. யார் சொல்வது சரி என்று அவர் தீர்ப்புச் சொல்ல மாட்டார், இரண்டு தரப்பையும் வரவழைத்துப் பேசவைத்து, ஒத்துவந்தால் ஒப்பந்தம் எழுதி, வராவிட்டால் பேச்சு முறிந்தது என்று முறிவறிக்கை கொடுப்பார். இது தெரியாமல் 'அவர் கம்பெனி பக்கம் பேசறார்' என்று கோபப்படுகிறவர்கள் அதிகம். அவர் உங்களிடம் உங்கள் வழக்கின் ஓட்டையைச் சொல்வார், அவர்களிடம் அவர்களுடைய ஓட்டையைச் சொல்வார், அவர் வேலையே அதுதான். இங்கே வக்கீல் வர முடியாது. சங்க நிர்வாகி ஒருவரைக் கூட்டிப் போங்கள். நிர்வாகத் தரப்பில் 'முடிவெடுக்க அதிகாரம் இல்லை, கேட்டுச் சொல்கிறேன்' என்கிற ஆளையே ஒவ்வொரு வாய்தாவுக்கும் அனுப்பினால், அதிகாரம் உள்ளவரை வரச் சொல்லுமாறு சமரச அதிகாரியிடம் எழுதிக் கேளுங்கள். பேசித் தீர்க்க ஒருவர் உண்மையாக முயன்றார், மற்றவர் முயலவில்லை என்பது காகிதத்தில் தெரிந்தால் அது பின்னால் உதவும்.

இங்கேயே வேலை திரும்பக் கிடைக்க வாய்ப்பு இருக்கிறதா என்று முழு மனதோடு பாருங்கள். நீதிமன்றத்தில் வருஷக்கணக்கில் நின்று வாங்கும் 'மறுபணி, தொடர்ச்சியான சர்வீஸ்' என்கிற வார்த்தைகளை, அதாவது அதே வேலை திரும்ப என்பதை, பாதிப் பின்சம்பளத்தை (வேலையில்லாமல் இருந்த காலத்துச் சம்பளம்) விட்டுக்கொடுத்து இங்கே மூன்றே மாதத்தில் வாங்கிப் போனவர்களைப் பார்த்திருக்கிறேன். வேலைக்குத் திரும்பி, பிள்ளைகளின் ஃபீஸ் கட்டி, நிம்மதியாக இருக்கிறார்கள். அது தோல்வி என்று யாராவது சொன்னால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன்.

நீதிமன்றத்தில்

கோர்ட் ஃபீஸ் கிடையாது. வக்கீல் வைக்க வசதி இல்லை என்றால், 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டம் இலவச உதவிக்குத் தகுதியானவர்கள் பட்டியலில் தொழிற்சாலைத் தொழிலாளியைத் தனியாகவே குறிப்பிட்டிருக்கிறது, மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் மனுக் கொடுங்கள். எதிர்த்தரப்பின் சம்மதமும் நீதிமன்ற அனுமதியும் இருந்தால்தான் வக்கீல் என்பது விதி, நடைமுறையில் இரண்டு பக்கமும் வக்கீல்தான் நிற்கிறார்கள்.

கோரிக்கை மனுவில் மறக்கக்கூடாத ஒரு வரி: பணிநீக்கம் ஆன பிறகு எனக்கு வேறு வருமானமுள்ள வேலை இல்லை. தீபாலி சுர்வாசே வழக்கில் (2013) உச்ச நீதிமன்றம், பணிநீக்கம் தவறு என்றால் மறுபணியோடு முழுப் பின்சம்பளம்தான் பொதுவான நிலை என்றது, ஆனால் வேலையில்லாமல் இருந்ததைத் தொழிலாளி சொல்லியிருக்க வேண்டும் என்றும் சொன்னது. சின்ன வேலை ஏதாவது செய்திருந்தால் மறைக்காமல் உள்ளதைச் சொல்லுங்கள், பி.எஃப். கணக்கை வைத்து ஒரு நிமிஷத்தில் கண்டுபிடித்துவிடுவார்கள்.

முதலில் எடுத்துக்கொள்வது 'உள்விசாரணை நியாயமாக நடந்ததா' என்கிற முதனிலைப் பிரச்சினை. கூப்பர் இன்ஜினியரிங் வழக்கில் (1975) இருந்து வந்த வழக்கம் இது. இங்கே புதியவர்கள் ஏமாந்துபோகும் இடம் ஒன்று இருக்கிறது. விசாரணை நியாயமற்றது என்று உத்தரவு வந்ததும் ஜெயித்துவிட்டோம் என்று இனிப்பு வாங்கி வந்துவிடுவார்கள். அது முடிவு இல்லை. நிர்வாகம் தன் பதிலுரையில் உரிமையைக் கேட்டு வைத்திருந்தால், குற்றச்சாட்டை நீதிமன்றத்திலேயே புதிதாக நிரூபிக்க அதற்கு வாய்ப்புக் கிடைக்கும். சாட்சிகளைத் திரும்பக் கூட்டி வருவார்கள். ஆனால் இந்த முறை அவர்களைக் கேள்வி கேட்பது உங்கள் வக்கீல், கேட்பது ஒரு நீதிபதி முன்னால். நான்கு வருஷம் கழித்து அந்தச் சூப்பர்வைசர் வேறு கம்பெனிக்குப் போயிருப்பார், வருவாரா என்பதே சந்தேகம். இந்தக் கட்டத்தில்தான் சமரசப் பேச்சு மறுபடி உயிர்பெறும், தயாராக இருங்கள்.

விசாரணை நியாயம் என்றே முடிவானாலும் எல்லாம் போய்விட்டதாக நினைக்க வேண்டாம். ஆதாரமே இல்லாமல் எடுத்த முடிவு என்று காட்டலாம். தண்டனை குற்றத்துக்கு மிஞ்சியது என்று தோன்றினால் குறைக்கவும் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. 1971-இல் 11ஏ பிரிவாக வந்த இந்த அதிகாரம் புதிய சட்டத்தொகுப்பிலும் தொடர்கிறது. பத்துப் பதினைந்து வருஷம் ஒரு மெமோகூட வாங்காதவர் என்றால் அதை அழுத்திச் சொல்லுங்கள், பழைய பாராட்டுக் கடிதம் இருந்தால் தேடி எடுங்கள்.

வாய்தாவுக்குப் போகாமல் இருக்காதீர்கள். வக்கீல் பார்த்துக்கொள்வார் என்று நீங்கள் இரண்டு மூன்று தடவை விட்டால் வழக்கு தள்ளுபடியாகி, அதை மீட்க இன்னொரு மனு, இன்னொரு வருஷம்.

தொகை பேசும்போது

சரி, சமரசத் தொகை என்று ஒரு எண்ணைச் சொல்கிறார்கள். அது பெரிதா சிறிதா என்று எப்படித் தெரியும்? கணக்குப் போட்டுத்தான். 14 வருஷ சர்வீஸ், மாதச் சம்பளம் 18,000, அதில் அடிப்படையும் பஞ்சப்படியும் சேர்த்து 13,000, வேலை போய் 26 மாதம் என்று ஒருவரை வைத்துக்கொள்வோம். நிர்வாகம் 'எல்லாம் சேர்த்து 2 லட்சம்' என்கிறது. கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் பணிக்கொடை (கிராஜுவிட்டி) எவ்வளவு? 13,000-ஐ 26-ஆல் வகுத்து, 15-ஆல் பெருக்கி, 14 வருஷத்தால் பெருக்கினால் 1,05,000 ரூபாய். வழக்கே இல்லாவிட்டாலும் அது அவருக்குச் சேர வேண்டிய பணம், பணிநீக்கம் செய்தாலும் சட்டம் குறிப்பிடும் சில கடுமையான காரணங்கள் இருந்தால் மட்டுமே அதைப் பிடித்துவைக்க முடியும். ஆக சமரசத்துக்காக அவர்கள் உண்மையில் கொடுப்பது 95,000 மட்டும். பின்சம்பளமாக மட்டும் அவர் கேட்கக்கூடியது 26 மாதத்துக்கு 4,68,000. முழுவதும் கிடைக்கும் என்று சொல்லவில்லை, வழக்கின் பலவீனத்தையும் காத்திருக்கும் காலத்தையும் கழிக்க வேண்டும். ஆனால் எதிலிருந்து கழிக்கிறோம் என்று தெரியாமல் பேச உட்காரக்கூடாது. பணிக்கொடை, விடுப்புச் சம்பளம், போனஸ், பி.எஃப். எல்லாம் தனித்தனி வரியில், சமரசத் தொகை தனி வரியில் எழுதச் சொல்லுங்கள்.

பேச்சுவார்த்தைக் கடிதங்களில் 'என் உரிமைகளுக்குப் பாதகமின்றி' என்று ஒரு வரி சேர்த்துவிடுங்கள். இடையில் அவர்களாகவே பணிக்கொடைக் காசோலையை அனுப்பினால் திருப்பி அனுப்ப வேண்டியதில்லை, 'பணிநீக்கத்தை ஏற்காமல், ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.

நியாயமான விசாரணைக்கு என்ன கேட்கிறோமோ அதையேதான் சமரசத்துக்கும் கேட்க வேண்டும் என்பது என் பிடிவாதம். முன்கூட்டி நகல், தெரிந்த மொழி, யோசிக்க நேரம், கூட ஒரு ஆள். சாயங்காலம் ஆறு மணிக்குக் கூப்பிட்டு 'இப்பவே கையெழுத்துப் போட்டா செக், நாளைக்குன்னா கிடையாது' என்றால் அன்று போடாதீர்கள். எழுதாத வெள்ளைத்தாளில் ஒருபோதும் வேண்டாம். முன்தேதியிட்ட ராஜினாமாக் கடிதம் கேட்டால், ஒப்பந்தத்தில் அதைப் பற்றி என்ன எழுதியிருக்கிறது என்று பார்த்த பிறகுதான் பேச்சு.

முதலாளி தரப்பில் இருந்து இதைப் படிக்கிறவர்களும் இருப்பீர்கள், சின்னப் பட்டறை நடத்துகிறவர்கள்கூட. உங்களுக்கும் சொல்கிறேன், ஒருவர் உண்மையிலேயே தப்புச் செய்திருந்தாலும் விசாரணையை அவசரமாக முடித்தால் பின்னால் நீங்கள்தான் திரும்ப முதலிலிருந்து நிரூபிக்க வேண்டியிருக்கும், அதுவரை பின்சம்பளக் கணக்கு ஏறிக்கொண்டே போகும். இன்னொரு தகராறு நிலுவையில் இருக்கும்போது ஒருவரை நீக்கினால் ஒரு மாதச் சம்பளம் கொடுத்து ஒப்புதல் மனுவும் போட வேண்டும், அதைச் செய்யாத உத்தரவு செல்லாது என்று ஜெய்ப்பூர் ஜில்லா கூட்டுறவு வங்கி வழக்கில் (2002) உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

ஒப்பந்தம் எந்த வகை என்பதையும் பாருங்கள். சமரச அதிகாரி முன்னிலையில் எழுதுவது 12(3), நிறுவனத்தின் எல்லாத் தொழிலாளரையும் அது கட்டுப்படுத்தும், அதனால் சங்கங்கள் கூட்டுக் கோரிக்கைகளுக்கு அதையே விரும்புகின்றன. வெளியே இரண்டு தரப்பும் பேசி எழுதுவது 18(1), கையெழுத்துப் போட்டவர்களை மட்டும். வழக்கு நடக்கும்போது பேசி முடித்தால் கூட்டு மனு கொடுத்து அதன்படி தீர்ப்பு வாங்கலாம், அல்லது மக்கள் நீதிமன்றத்துக்கு (லோக் அதாலத்) போகலாம். மக்கள் நீதிமன்றத் தீர்ப்புக்கு மேல்முறையீடு கிடையாது, அதனால் அங்கே கையெழுத்துப் போடும் முன் இரண்டு தடவை படியுங்கள். என்னைக் கேட்டால் தனிநபர் பணிநீக்க வழக்கில் நீதிமன்றப் பதிவோடு முடிப்பதுதான் பாதுகாப்பு.

ஒப்பந்த வாசகத்தில் இவையெல்லாம் இருக்கிறதா என்று விரல் வைத்துப் பாருங்கள்: தொகை எண்ணிலும் எழுத்திலும், எந்தத் தேதிக்குள், எந்த வங்கிக் கணக்கில், தவறினால் வட்டி எவ்வளவு. மறுபணி என்றால் எந்தத் தேதி, எந்தப் பிரிவு, எந்த ஊர், சர்வீஸ் தொடர்ச்சி உண்டா, இன்கிரிமென்ட் கணக்கில் வருமா. வெளியேறுவது என்றால் அனுபவச் சான்றிதழில் என்ன எழுதுவார்கள், அதில் 'பணிநீக்கம்' என்ற சொல் வருமா. போலீஸ் புகார் ஏதாவது கொடுத்திருந்தால் அது என்ன ஆகும். 'வேறு எந்தக் கோரிக்கையும் இல்லை' என்ற கடைசி வரி பி.எஃப்., பென்ஷன் உரிமையையும் விழுங்கிவிடாமல் 'சட்டப்படியான வருங்கால வைப்பு நிதி, ஓய்வூதியம் நீங்கலாக' என்று சேர்க்கச் சொல்லுங்கள்.

வழக்கை வாபஸ் வாங்கும் மனுவில் முதலிலேயே கையெழுத்துக் கேட்பார்கள். பணமோ டிமாண்ட் டிராஃப்ட்டோ அதே நாளில் நீதிமன்றத்திலேயே கைமாறட்டும், அல்லது பணம் கணக்கில் வந்தது தெரிந்த பிறகு முடித்துவைக்கும்படி ஒரு வாய்தா வாங்குங்கள். ஒப்பந்தப்படி பணம் வரவில்லை என்றால் அதை வசூலிக்கத்தான் 33சி(1) மனு, பணம் சேர வேண்டிய நாளிலிருந்து ஒரு வருஷத்துக்குள் கொடுக்க வேண்டும், கலெக்டர் மூலம் நிலவரிப் பாக்கி மாதிரி வசூல் ஆகும். அதற்கு ஒப்பந்தத்தின் கையெழுத்திட்ட நகல் உங்களிடம் இருக்க வேண்டும், அன்று அந்த அறையை விட்டு வெளியே வரும்போதே அதைக் கேட்டு வாங்கி அந்த மஞ்சள் பையில் வையுங்கள்.